மீதம் மூன்று

காசிமேட்டிலிருந்து பத்தும் நனைந்து திரும்பின.
வேன் கதவைத் திறந்ததும்
முதலில் கருகிய மருந்தின் வாடை,
பிறகு ஈரக் காக்கி, பிறகு மீன்.

எண்ணி வாங்கினேன்.
ஆயுதக் கிடங்கில் எண்ணுவதுதான் வேலை.
துப்பாக்கி பத்து. வார் பத்து.
மரியாதை வெடி முப்பதுக்குக்
காலித் தோட்டா இருபத்தேழு.
மீதி மூன்றும் ஒரு கைக்குட்டையில் முடிந்து
மேசை ஓரத்தில் இருந்தன.
யார் வைத்ததென்று யாரும் சொல்லவில்லை.
நானும் தலை நிமிரவில்லை.

வெடித்த இரும்பை ராத்திரிக்கு விடக் கூடாது.
கார்த்திகை மழை. புதுப்பேட்டையிலிருந்து
கடல் ஒன்றரை மைல் என்பது மனிதர்களுக்கு.
இரும்புக்கு அது ஜன்னலுக்கு வெளியிலேயே இருக்கிறது.
விடிவதற்குள் குழலுக்குள்
புளிக்குழம்பு நிறத்தில் பூத்துவிடும்.

த்ரீ நாட் த்ரீயின் கட்டையடியில்
பித்தளை மூடியை நெம்பினால் ஒரு பொந்து:
எண்ணெய்க் குப்பி, புல்-த்ரூ கயிறு.
அரசாங்கம் கொடுத்தது அவ்வளவுதான்.
மற்றதெல்லாம் என் பிஸ்கட் டப்பாவில்.
நாலுக்கு ரெண்டாக நானே வெட்டிய ஃபிளானல்,
முடி தேய்ந்த பல் பிரஷ்,
வெந்நீர் ஊற்ற ஒரு புனல்,
போல்ட்டின் மூலை முடுக்குக்குத் தீக்குச்சி.

அந்தத் தீக்குச்சியைத்தான்
எபினேசர் திருடிக் காது குடைவான்.
"செவிடாப் போவடா" என்று திட்டியிருக்கிறேன்.
மதுரவாயல் பாலத்தடியில், ரோந்தில்,
பின்னால் வந்த லாரி
ஹாரன் அடித்ததாகத்தான் டிரைவர் சொல்கிறான்.

போல்ட்டை உருவி
அறை வழியே கொதிநீர் விட்டேன்.
வாளியில் சாம்பல் தண்ணீர்.
கயிற்றின் பித்தளைக் குண்டை இறக்கினால்
தன் எடையிலேயே இருட்டைக் கடந்து
மறுமுனையில் எட்டிப் பார்க்கும்.
கண்ணியில் துணி. ஒரே இழுப்பு.
பாதியில் யோசித்தால் மாட்டிக்கொள்ளும்.

முதல் துணி கறுப்பு.
இரண்டாவது சாம்பல்.
மூன்றாவது, வெற்றிலை போடுகிறவர் பல்.
நாலாவதை வெள்ளை என்று சொல்லிக்கொள்ளலாம்.
பிறகு எண்ணெய் இரண்டு சொட்டு.
மூன்றாவது சொட்டு தூசியைக் கூப்பிடும்.

வெளியே பழைய கார்க் கடையில்
மழையோடு மழையாக
யாரோ ஒரு அம்பாசடரைப் பிரித்துக்கொண்டிருந்தார்கள்.
டங். டங். நின்று, மறுபடி டங்.

ஏழாம் நம்பரில்
தண்ணீர் ஊற்றியபடியே வந்தது, தெளிவாக.
துணியும் போனபடியே வந்தது.
டியூப்லைட்டுக்கு நேராகக் குழலைப் பிடித்தேன்.
சுருள் வரிகள் வாய் வரைக்கும் பளபளத்தன,
சலூன் கண்ணாடி மாதிரி.

பதிவேட்டைப் பார்க்கத் தேவையில்லை. பார்த்தேன்.
ஏழு: முனிரத்தினம்.
மூன்று வருஷம் எபினேசரின் பைக்கில் பின் சீட்.
அன்றைக்கு மட்டும் வார ஓய்வு.

கட்டளைக்குத் தோளில் ஏற்றியிருக்கிறான்,
போல்ட்டை இழுத்திருக்கிறான், தள்ளியிருக்கிறான்,
மூன்று தடவையும் வெறும் அறை.
ஒன்பது பேர் சுட்டால்
பத்துப் பேர் சுட்ட சத்தம்தான் கேட்கும்,
அதுவும் அழுகைக்கு நடுவில்.

முடிச்சை அவிழ்த்தேன்.
ஊசி பட்டிருந்தால் தோட்டாவின் அடியில்
அம்மைத் தழும்பு போல ஒரு குழி இருக்கும்.
மூன்றும் மழமழவென்றிருந்தன.
திங்கட்கிழமை இன்ஸ்பெக்டர் வருவார்.
திருப்பிப் பார்க்கிறவர்தான்.

மீதம்: 3.
காரணம்: மருந்து ஈரம், வெடிக்கவில்லை.
த. பூங்காவனம், தலைமைக் காவலர்.
மை கொஞ்சம் பரவியது. கையும் ஈரம்தான்.

ஏழுக்கும் இரண்டு சொட்டு எண்ணெய் விட்டு,
மற்றவற்றோடு சங்கிலியில் கோத்தேன்.
வெள்ளையாக வந்த துணியை
எறிய மனசு வரவில்லை.
எட்டாவதற்கு அதையே கண்ணியில் மாட்டி இழுத்தேன்.

கறுத்து வந்தது.