காணவில்லை

ஞாயிறு காலை பத்தரை.
கார் பந்தயம் திறக்காமல்
சாம்பல் நிறப் பெட்டியொன்று வந்து நின்றது:
எம் எஸ் வி சி பி நூற்று நாற்பது டாட் டி எல் எல்
காணவில்லை.

கோத்தகிரி பஸ் ஸ்டாண்டுச் சுவரில்
இதே சொல்லுக்குக் கீழே
வயது இருக்கும், நிறம் இருக்கும்,
காணாமற்போன அன்று உடுத்தியிருந்த
கட்டம்போட்ட சட்டை இருக்கும்.
இதற்குப் போட்டோ இல்லை.
அங்க அடையாளம்:
பெயரின் நடுவில் ஒரு புள்ளி.

"நேத்து ஓடுச்சேக்கா" என்றான் லிங்கேஷ்.
ஓடியது.
கால்பந்தும் ஓடியது, துப்பாக்கியும் ஓடியது.
இப்போது எதைத் தொட்டாலும்
அதே பெட்டி, அதே பெயர்.
ஐந்து கம்ப்யூட்டரில்
கிராபிக்ஸ் கார்டு உள்ளது இது ஒன்றுதான்.
மணிக்கு முப்பது ரூபாய்.
பையன்கள் என் முகத்தைப் பார்க்கிறார்கள்.

நேற்றிரவு, இடம் பற்றவில்லையென்று
யோகராஜ் போட்டுவைத்த
மீன்பிடி விளையாட்டை நீக்கினேன்.
அவன் திருப்பூர் போய் இரண்டு வருஷம்.
ஒரு ஏரி, ஒரு தூண்டில், அசையாத தக்கை.
அதை யார் ஆடுகிறார்கள்?
போகிற போக்கில் அது என்னைக் கேட்டது:
இந்தப் பொதுக் கோப்பை
வேறு யாரும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை,
நீக்கிவிடலாமா?
அடுப்பில் பால் பொங்கிக்கொண்டிருந்தது.
எல்லாவற்றுக்கும் ஆம் என்று அழுத்தினேன்.

தெரியவில்லை என்றுதான் சொல்லியிருக்கிறது.
இல்லை என்று படித்தது நான்.

அரவேனுவுக்குக் கீழே ரோடு அகலமாக்குகிற ஜேசிபி
மூன்று நாளாக நெட்டை வெட்டிப் போட்டிருக்கிறது.
போனில் ஒரு கோடு; மஞ்சு இறங்கினால் அதுவும் போகும்.
"கண்ட எடத்துல எடுக்காதீங்கக்கா" என்றான் டெரிக்.
கண்ட இடத்தில்தான் எடுத்தேன்.
முதலில் இறங்கியது ரம்மி விளம்பரம்.
அடுத்தது அசல் அதே பெயர், அதே எழுத்து,
ஆனால் முப்பத்திரண்டுக்காரன்.
இங்கே வேண்டியது அறுபத்து நான்கு.
உள்ளே விடாமல் திருப்பி அனுப்பியது,
ஏதோ சைபர் சைபராகச் சொல்லி.

ஸ்வெட்டர் பையில் பென்டிரைவ்.
கொழுந்து மிகுதி, ஞாயிறும் ஃபேக்டரி உண்டு.
எடை மேசைக்குப் பின்னால்
போஜண்ணாவின் கம்ப்யூட்டர்,
கீபோர்டு இடுக்கெல்லாம் டீத்தூள்.
ஒரு விளையாட்டும் கிடையாது அதில்.
சீட்டு அடிக்கும், அவ்வளவுதான்.
சிஸ்டம் ஃபோல்டரைத் திறந்து உருட்டினேன்.
இருந்தது.
ஆயிரம் பெயர்களுக்கு நடுவில்,
யாரும் கூப்பிடாமல் வேலை செய்துகொண்டு.

"எடுத்தா எனக்கு இல்லாமப் போயிருமா?"
"இல்லண்ணா, காப்பிதான்."
"டீ ஃபேக்டரிக்கு வந்து காப்பியா" என்று
தானே சிரித்துக்கொண்டார்.
அது ஏறும்போதே பிரின்டர் கரகரவென்று
ஒரு சீட்டைத் தள்ளியது:
மாதி, பதினெட்டு கிலோ,
ஈரத்துக்குக் கழிவு இரண்டு.
சீட்டை வாங்க ஜன்னலில் நீண்ட கையில்
இலைக்கறை.
லிங்கேஷின் அம்மா.
"அவன் அங்கதான் இருக்கானா?"
"ட்யூஷன்ல இருக்கான்" என்றேன்.

ஒட்டினேன். ஓடியது.
திரையில் கொண்டைஊசி வளைவுகள்,
லாரி இல்லை, மஞ்சு இல்லை, ஹாரன் அடிக்க வேண்டியதில்லை.
யார் முதலில் என்று சண்டை.
கோப்பின் தேதியைப் பார்த்தேன்:
என் கடைக்கு முந்தியது.

யோகராஜுக்குச் செய்தி அனுப்பினேன்:
உன் மீன் விளையாட்டை அழித்துவிட்டேன்,
மற்றதெல்லாம் நின்றுபோய்
இன்றைக்குப் பட்ட பாடு.

செவ்வாய்க்கிழமை பதில் வந்தது:
எந்த மீன்?