யார் பொறுப்பில்

காரைக்குடி தாலுகா ஆபீசில்
இருபத்தேழாம் டோக்கன் நான்.
சுவரில் சிவப்பு எண்
ஒன்பதரையிலிருந்து பதினொன்றிலேயே நிற்கிறது.
பக்கத்தில் உமையாள்.
அவள் மடியில் ஜவுளிக்கடை மஞ்சப்பை.
பைக்குள் நான்:
ஐந்தாம் வகுப்பு வரை வ. அடைக்கப்பன்,
ஆறாம் வகுப்பு முதல் சி. அடைக்கப்பன்.
நடுவில் ஒரு கோடை விடுமுறை.

அந்தக் கோடையில்
பள்ளத்தூரில் பஸ் ஏறினேன்,
கண்டனூரில் இறங்கினேன்.
ஒரு வெள்ளிக் கிண்ணத்தில் மஞ்சள் நீர்.
குடி என்றார்கள்,
குடித்தேன்.
கிண்ணத்தைக் கீழே வைப்பதற்குள்
அப்பச்சி சித்தப்பா ஆகியிருந்தார்,
ஆத்தா சின்னாத்தா ஆகியிருந்தாள்.
பங்காளிகள் பதினாலு பேர்
தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டு
சாப்பிடப் போனார்கள்.

புறப்படும்போது சின்னாத்தா
என் சட்டைப்பையில் எட்டணா போட்டாள்.
அவள் வீடு போய்ச் சேர்வதற்குள்
அது சேமியா ஐஸாகிக்
கரைந்துபோயிருந்தது.

இருபத்தேழு.

ரெஜினா என்கிறது
அந்தப் பெண்ணின் கழுத்தில் தொங்கும் அட்டை.
அவளுக்கு ஒரே பெயர், ஒரே படம்.
"கார்டுல அப்பா பேரு வயிரவன்,
பேங்க்ல சிங்காரம்.
எது சார் அப்பா?"
வரிசை முழுக்கத் திரும்பிப் பார்த்தது.
"ரெண்டும்."
"ஒண்ணுதான் ஏறும் சார்."
"பிள்ளை கூட்டிக்கிட்டாங்கம்மா,"
என்றாள் உமையாள், என்னை ஏதோ
ஏலத்தில் எடுத்ததுபோல.
"சுவீகாரமா? ரிஜிஸ்டர் பண்ணீங்களா?"
"மஞ்சத்தண்ணியையா?" என்றேன்.
நான் சிரிக்கவில்லை.
அவள் சிரித்துவிட்டாள்.

பதினாலு கையெழுத்துத் தாளை நீட்டினேன்.
திருப்பிப் பார்த்தாள்,
வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள்.
முத்திரை இல்லை.
கையெழுத்துப் போட்டவர்களில்
ஒருவர்கூட இல்லை.

அப்போது சர்வர் போனது.

வேப்பமரத்தடியில்
ஆளுக்கு ஒரு டீ.
உமையாள் எதுவும் பேசவில்லை,
பையின் காதை முறுக்கிக்கொண்டிருந்தாள்.
நான் கணக்குப் பார்த்தேன்.
வயிரவன் போனபோது
கொள்ளி வைத்தவன் என் தம்பி.
நான் பங்காளிகளோடு ஓரமாக நின்று
தலை முழுகிவிட்டு
மதிய பஸ்ஸுக்குத் திரும்பினேன்.
சிங்காரம் போனபோது
கொள்ளி என் கையில்.
தோளில் பானை கனத்தது,
தண்ணீர் முதுகில் வழிந்தது.
இரண்டுக்கும்
யாரும் ரசீது தரவில்லை.

மூன்று மணிக்கு சர்வர் வந்தது.
இடது கட்டைவிரல் பதியவில்லை.
ஈரத்துணி கொடுத்தாள்.
துடைத்தேன், அழுத்தினேன்,
இன்னும் அழுத்தச் சொன்னாள்.
பச்சை விளக்கு எரிந்தது.
கேமராவைப் பார்க்கச் சொன்னாள்.
அறுபதை நெருங்கும் ஒருவன்
திரையில் திருதிருவென முழித்தான்.

"இனிஷியல் பேங்க்ல இருக்கறபடி மாத்திட்டேன்,
உங்க எஸ்எஸ்எல்சி புக்கு போதும்.
அட்ரஸ்ல இப்பல்லாம்
மகன்னு போட வேண்டியதில்ல சார்,
கேர் ஆஃப்தான்.
யாரு பேரு போடட்டும்?"

வயிரவன் என்று நாக்கு எழுந்தது.
சிங்காரம் என்று தொண்டை தடுத்தது.
வெளியே யாரோ
இருபத்தெட்டு, இருபத்தெட்டு என்று கத்தினார்கள்.

"உமையாள்," என்றேன்.

ரெஜினா நிமிர்ந்து பார்த்தாள்.
"போடலாமா?" என்றேன்.
"போடலாம் சார்.
யாரும் போடச் சொன்னதில்ல."
தட்டினாள்.
திரையைத் திருப்பி, "எழுத்துச் சரிபாருங்க."
உமயால் என்றிருந்தது.
"ளகரம்," என்றாள் உமையாள்,
அன்று முதல்முறையாகக் குரல் உயர்த்தி,
"யாவுக்கு முன்னால ஐ."

பஸ்ஸில் ஜன்னலோரம் அவள்.
ஒப்புகைச் சீட்டைக்
கை நீட்டித் தள்ளிப் பிடித்து வாசித்தாள்.
கோட்டையூர் தாண்டியதும் கேட்டாள்,
"கேர் ஆஃபுன்னா என்ன?"
"ஒன் பொறுப்புல இருக்கேன்னு அர்த்தம்."
சீட்டை நாலாக மடித்து
மஞ்சப்பைக்குள் போட்டாள்,
இரண்டு இனிஷியலுக்கும் நடுவில்.

"தெரிஞ்ச விசயந்தானே," என்றாள்.
"இதுக்கா எழுபத்தஞ்சு ரூவா?"