எழினி, இரண்டு மீட்டர்

எழினி என்றால் திரை.
மூவகைப்படும்: ஒருமுகம், பொருமுகம், கரந்துவரல்.
இளங்கலைத் தமிழ், நான்காம் பருவம்,
ஐந்து மதிப்பெண் வினா.
எனக்கு மூன்று விழுந்தது.
கரந்துவரலுக்கு விளக்கம் எழுதுமுன்
மணி அடித்துவிட்டார்கள்.

இப்போது குவைத்தில், ஷுவைக் தொழிற்பேட்டையில்,
தினம் ஒன்பது மணிநேரம்
அந்த மீதி இரண்டு மதிப்பெண்ணை எழுதுகிறேன்.
கூரைக்குள் பெட்டி, பெட்டிக்குள் உருளை.
ரிமோட்டை அழுத்தினால்
ஒளிந்திருந்த துணி சத்தமில்லாமல் இறங்கும்.
அரசன் அமர்ந்து பார்த்த அரங்கில்
இதற்குக் கயிறு பிடித்தவன் எங்கே நின்றான்?
உரைக்காரர் எவரும் சொல்லவில்லை.
இங்கே ஏணியின் ஆறாம் படியில் நிற்கிறான்,
வாயில் நாலு திருகாணியோடு.

எகிப்துக்காரர் ஹம்தி எங்கள் மேஸ்திரி.
அவர் பாஷையில் திரைக்குச் சிதாரா என்று பேர்.
முதல் நாள் "சிதாரா! சிதாரா!" என்று அவர் கத்த,
பீகாரி ராம்சுரத் வெளியே போய்
வானத்தைப் பார்த்துவிட்டு வந்தான்.
அவன் பாஷையில் அது நட்சத்திரம்.
ஆகஸ்ட் மாதம், பட்டப்பகல், ஐம்பது டிகிரி.
"ஒன்றும் தெரியவில்லை" என்றான் பணிவாக.

பொருமுகம்தான் வம்பு பிடித்தது.
இரு பக்கமிருந்தும் வந்து நடுவில் முட்டவேண்டும்.
பொருதல் என்றால் போர்.
ஆனால் எந்த வீட்டிலும்
நாலு விரற்கடை இடம் விட்டே
சண்டையை நிறுத்திக்கொள்கின்றன.
அந்த இடுக்கில் வெயில் வருகிறதென்று
சால்மியாவிலிருந்து மூன்று தடவை கூப்பிட்டார்கள்.

பர்வானியாவில் எங்கள் அறைக்கு எட்டுக் கட்டில்.
எட்டும் ஒருமுகம்:
நைலான் கயிறு, பழைய போர்வை, ஒரு லுங்கி.
கூத்தில் இருவர் பிடித்த வேட்டிக்கு மேலே
கிரீடம் தெரிந்தால் ராஜா வந்துவிட்டார்.
எங்களுக்குக் கீழேதான் தெரியும்.
குதிகால் வெடிப்பு என்றால் வியாகுலம்,
மருதாணி வைத்த சுண்டுவிரல் என்றால் சேகு தாவூது.
இரவில் போன் வெளிச்சம் போர்வையில் விழுந்து
ஒவ்வொருவனும் தன்னைவிடப் பெரிதாவான்.
மனைவியிடம் குரல் தழையும்போது
பக்கத்துக் கட்டில் இருமும்.
பொருள்: கேட்கிறது.

தனிக்கொடி தன் மகளுக்குத் தூய தமிழ்ப்பெயர் கேட்டான்.
எழினி என்றேன்.
ஒரு வாரம் சொல்லிச் சொல்லிப் பார்த்தான்,
வாய்க்கு நன்றாக இருந்தது.
பழைய சிற்றரசன் ஒருவனுக்கும் அதே பெயர் என்றேன்.
அத்தோடு நிறுத்தியிருக்கலாம்.
"படுதாவுக்கு யாராவது பேர் வைப்பாங்களா?"
ஊரிலிருந்து அவன் மனைவி கேட்டது
எட்டுக் கட்டிலுக்கும் கேட்டது.
யாரும் இருமவில்லை.

போன வாரம் ஜாப்ரியாவில் ஒரு மாளிகை.
பன்னிரண்டு சன்னல், பன்னிரண்டும் கரந்துவரல்.
படிக்கட்டுக்கு அடியில் துணி துவைக்கும் அறை,
அங்கே ஒரு மெத்தை,
டிரைவர் அறையைப் பார்த்தபடி கண்ணாடிக் கதவு.
கடப்பாவிலிருந்து வந்த ஓபுளம்மா
பாதித் தமிழில் கேட்டாள்:
"மிச்சத் துணி இருக்குதா அண்ணா?"
ஒன்பது சாண் என்று
முன்னமே அளந்து வைத்திருந்தாள்.

ரிமோட் இல்லை, தண்டவாளம் இல்லை.
இரண்டு ஆணி, ஒரு குழாய்.
என் கண்முன்னே இழுத்து மூடினாள்.
பின்னால் பாட்டு எழவில்லை, யாரும் தோன்றவில்லை.
செருப்பைக் கழற்றும் சத்தம்,
அப்புறம் நீளமாய் ஒரு மூச்சு.
இது மூன்றில் எது என்று யோசித்தபடி
ஏணியை மடக்கினேன்.

மாலையில் ஹம்தி நாடா பிடித்தார்.
இரண்டு மீட்டர் குறைந்தது.
"சேதாரம்" என்றேன்.
பொன்னுக்குச் சொல்கிற சொல்,
அவசரத்துக்கு அதுதான் வந்தது.
எட்டு வருஷமாகியும்
இவனுக்கு உச்சரிப்பு வரவில்லையே என்று
பரிதாபமாகப் பார்த்தார்.
பக்கத்தில் வந்து, தோளில் கைவைத்து,
குழந்தைக்குச் சொல்வதுபோல்
எழுத்து எழுத்தாய்ச் சொல்லிக்கொடுத்தார்:
"சேதாரா இல்லை, ஸதீக்.
சி. தா. ரா."