ஆறு

நூற்று நாற்பத்து மூன்று கோல்கள்.
இது பைசாந்து நாளிதழின் கணக்கு.
என் கணக்கில் ஒன்று கூடுதல்.
மழையில் பாதியில் நின்றுபோன ஆட்டத்தில் அடித்ததை
அவர்கள் சேர்ப்பதில்லை, நான் விடுவதில்லை.

முன்கள ஆட்டக்காரனுக்கு
முதுகுக்குப் பின்னால் உலகம் கிடையாது.
குழாயைத் திறந்தால் தண்ணீர் வருவதுபோல
பந்து வந்தது. அடித்தேன்.
மூலைக் கொடிக்கு ஓடிக் கைகளை விரித்தேன்.
வராத நாட்களில் திரும்பிப் பார்த்துக் கத்தினேன்,
முகம் பார்க்காமல், பொதுவாக.
இருபத்திரண்டில் மெக்சிகோ.
இருபத்தாறில் குவாயாகில்.
முப்பத்தொன்றில் வலது முழங்கால்
துருப்பிடித்த கதவின் குரலில் பேசத் தொடங்கியது.

இப்போது எனக்குத் தந்திருப்பது
சுண்ணாம்பால் போட்ட ஒரு செவ்வகம்.
அதைத் தாண்டினால் நடுவர் முறைப்பார்.
முதல் ஆண்டிலேயே ஒன்பது தோல்வி.
பொருளாளர் இரிகோசன் அம்மையார்
மாத்தே குடுவையை உறிஞ்சியபடி சொன்னார்:
அடிக்கத் தெரிந்தவனுக்கு
அடிக்கவைக்கத் தெரியவில்லை.

இரும்புக்கடை பெந்தங்கோர் ஒரு காலத்தில்
லாரியின் கூரைமேல் நின்று எங்களைப் படம்பிடித்தவர்.
அவருடைய ஒளிநாடாக்களை இரவல் வாங்கி
உடைமாற்றும் அறையின் சுவரில் ஓட்டினேன்.
இப்படி அடியுங்கள் என்று காட்டத்தான்.
பையன்கள் என் தலைமுடியைப் பார்த்துச் சிரித்தார்கள்.
மாற்று ஆட்டக்காரன் மாய்கோல் மட்டும்
சுவரின் ஓரத்தைக் காட்டிக் கேட்டான்:
அந்த ஆறாம் எண் யார்?

நான் பார்த்ததே இல்லை.
இடது கோட்டை ஒட்டி ஒருவன் ஓடுகிறான்,
கையை உயர்த்திப் பந்தைக் கேட்டபடி.
தடுப்பவன் ஒருவன் அவன் பின்னால் போகிறான்.
அவன் விட்டுப்போன இடத்தில் நான் இருக்கிறேன்.
கோல்.
எல்லோரும் என்மேல் குவிகையில்
ஆறு திரும்பி நடந்துகொண்டிருக்கிறது,
காலுறையை மேலே இழுத்தபடி.

மறுபடி ஓட்டினேன். பையன்கள் வீட்டுக்குப் போனார்கள்.
கொண்டுவந்த காபி ஆறியது.
நாடாக்களில் உள்ளவை நாற்பத்தொரு கோல்கள்.
முப்பத்துநான்கில் அந்த ஓட்டம் இருந்தது.
நான் பந்தை அவனுக்குக் கொடுத்தது இரண்டு முறை,
அதிலும் ஒன்று காலிடறி.
பெயர் நினைவுக்கு வர நள்ளிரவாகிவிட்டது:
ஒலெகாரியோ தெச்சேரா.

பாலத்தின் சுங்கச்சாவடியில் இருப்பதாகச் சொன்னார்கள்.
மூன்றாவது கூண்டில் கண்ணாடிக்குள் இருந்தான்.
பணத்தை நீட்டினேன்.
சில்லறையை எண்ணிக்கொண்டே
முழங்கால் எப்படி என்றான்.
நாடாக்களைப் பற்றிச் சொன்னேன்,
வழியெல்லாம் தயாரித்த வாக்கியம் வாயில் குழறியது.
அவன் கேட்டுவிட்டுச் சொன்னான்:
நீ கொடுக்கமாட்டாய் என்று எனக்குத் தெரியும்.
என் பின்னால் ஓடிவந்தவனுக்குத்தான் தெரியாது.

பின்னால் மரலாரி ஒலிப்பானை அழுத்தியது.
தடுப்புக்கட்டை உயர்ந்தது.
பாலத்தில் வண்டியைத் திருப்ப முடியாது.
அர்ஜென்டினா வரை போய்த்தான் வரவேண்டும்.
கீழே அகன்று, மண் நிறத்தில்,
யாரையும் கேட்காமல் போய்க்கொண்டிருந்தது ஆறு.
திரும்பும்போதும் அவன் கூண்டுக்கே வந்தேன்.
இரண்டாம் முறையும் சுங்கம் வாங்கினான்.
சரியாக, ஒரு பெசோகூடக் குறைக்காமல்.

ஞாயிற்றுக்கிழமை மாய்கோலை இடப்பக்கம் இறக்கினேன்.
ஓடினான். பந்து அவனுக்குப் போகவில்லை. கோல்.
மறுபடி ஓடினான், மறுபடி,
நுரையீரல் வாய்க்கு வரும்வரை.
எண்பதாம் நிமிடத்தில்
அவன் திரும்பி வராத வழியாகவே
எதிரணி நுழைந்து ஒன்றுக்கு ஒன்றாக்கியது.

மாற்று ஆள் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்களே,
ஆறாம் எண்ணை ஏன் எடுக்கவில்லை என்றார் இரிகோசன்.
அவனைப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்றேன்.
அப்படியானால், என்றார்,
ஆட்டத்தை யார் பார்த்தது?