ஒரு கிலோ நெத்திலி

புரட்டாசி வற்றத்தில்
சின்னப்பாலம் கரையில் இறங்கி
துணி சுற்றிய விரல்களால்
மரிக்கொழுந்துப் பாசி பிய்த்துக்கொண்டிருந்தேன்.
பாரில் ஒதுங்கிய நைலான் சிக்கலில்
ஓர் உப்புக்கொத்தி
கால் மாட்டி, கத்தாமல்,
என்னையே பார்த்தபடி.

பல்லால்தான் கடித்து அறுத்தேன்,
கத்தி வள்ளத்தில் கிடந்தது.
எலுமிச்சம்பழம் அளவுக்குத்தான் எடை.
உள்ளே இதயம் மட்டும்
விசைப்படகு எஞ்சின்.
சவேரியம்மா படம் எடுத்தாள்.
தம்பிக்கு அனுப்பினேன்.

நம்புராஜன் லடாக்கில் ராணுவ லாரி ஓட்டுகிறான்.
பாம்பன் பாலத்தைவிட உயரமாய் எதிலும் ஏறாதவன்
இப்போது பதினைந்தாயிரம் அடியில்
மூச்சு வாங்கி வாங்கிப் பேசுகிறான்.
"அக்கா, இது எங்க ஆளு.
ஏரிக்கரைச் சரளைல முட்டை போடும்.
ஒருநா மிதிக்கப் பாத்தேன்,
றெக்கை ஒடிஞ்ச மாதிரி நடிச்சு
நூறடி தள்ளிக் கூட்டிட்டுப் போயிருச்சு.
ஆனா இங்க அதுக்கு நெஞ்சு செங்கல் நெறம்."

"இங்க சாம்பல். வேற எதையோ பாத்திருக்க."

"பந்தயமா?"

"ஒரு கிலோ நெத்திலி. காஞ்சது. தலை கிள்ளினது."

அந்தக் குளிர்காலம் முழுக்க
சிக்னல் கிடைத்த ராத்திரிகளில்
மலையைச் சொன்னான்,
எனக்குப் பிடிபடுகிற அளவில்.
மரமே கிடையாதாம்.
நம்ம உமரி மாதிரி
தரையோடு ஒட்டிக் கிடக்கிற ஒரு செடி,
அதன் வேரைத் தோண்டித்தான் அடுப்பெரிப்பு.
பூனைப் பருமனில் ஓர் அணில்,
ஐப்பசியில் வளைக்குள் போனால்
பங்குனிவரை எழுந்திருக்காது.
தண்டல்காரன் வாசலில் நிற்காத வளை போல,
என்றேன். சிரித்தான், இருமினான்.

யாக் மயிர்க் கூடாரத்தில் ஆடு மேய்ப்பவர்கள்.
ரிக்ஸின் என்றொருத்தி
உப்புப் போட்ட தேநீர் கொடுத்தாளாம்.
உப்பு ஏது அங்கே?
ஏரி வற்றினால் ஓரத்தில் பூக்குமாம்.
முன்பெல்லாம் அதை ஆட்டு முதுகில் பை பையாய்க் கட்டி
கணவாய் தாண்டிப் போய்
பார்லிக்கு மாற்றுவார்களாம்.

வாலிநோக்கம் அளத்தில்
இரண்டு கோடை உப்பு வாரியவள் நான்.
ரிக்ஸினை எனக்குத் தெரியாது.
அவள் குதிகால் எப்படி வெடித்திருக்கும்
என்று தெரியும்.

பதிலுக்கு நான்
ராவணன் மீசை காற்றில் உருண்டோடியதை,
குருசடைப் பக்கம் ஓங்கல் நாலு துள்ளியதை,
ரேஞ்சர் பாசி மூட்டையைப் பிடுங்கியதைச் சொன்னேன்.
நெத்திலி காயுதா, என்றான்.

பங்குனிக் கடைசியில் ஒரு வற்றம்.
சேற்றில் ஐம்பது அறுபது உப்புக்கொத்திகள்
ஓடி, நின்று, கொத்தி, ஓடி.
நான் அறுத்துவிட்டதும் இதில் உண்டா, தெரியாது,
எல்லாம் ஒரே சாயல்.
ஆனால் ஒன்றின் நெஞ்சில்
ஈரத்துணியில் மறந்துவைத்த ஆணி போல்
துருக்கறை.
மறுநாள் நாலைந்துக்கு.
வாரம் கழித்து
சூளை பிரித்த கல்லாய் முழுக் கூட்டமும்.

போன் போட்டேன்.
எல்லைக்கு வெளியே, என்றாள் அந்தப் பெண்.
மூன்று நாள் அதையே சொன்னாள்.

பறவையிடம் சேதி சொல்லி விடலாமே,
என்றாள் சவேரியம்மா, சினிமா பார்த்தவள்.
எலுமிச்சம்பழ எடைக்காரி
தின்ற புழுவைச் சுமந்தே
அவ்வளவு தூரம் போகணும்.
நான் தோற்றதையும்
அதன் தலையில் ஏற்றணுமா?

சித்திரையில் ஒரு விடியல்
சேறு காலியாக இருந்தது.
மும்முனைக் காலடிகள் மட்டும்,
அதையும் பத்து மணி ஏற்றம் துடைத்துவிட்டது.

ஆனியில் அவனுக்கு லீவு.
அவன் இங்கே இறங்குகிற அன்று
அது அங்கே சரளைமேல்
யாரையோ நூறடி தள்ளி நடத்திக்கொண்டிருக்கும்.

ஓலைப்பாயில் நெத்திலி.
கிள்ளிக்கொண்டிருக்கிறேன்.
எழுநூறு கிராம் தேறியிருக்கிறது.
மிச்சத்துக்குக்
காக்காய் விடணும்.