வென்ஸ்கோம்

புதன்கிழமைகளில் இந்த மாளிகைக்கு நான்தான் வழிகாட்டி.
முதலாம் பெரிகிரின் வென்ஸ்கோம்
மன்னனுக்குக் கடன் கொடுத்தவன்.
இரண்டாமவன்
அதைத் திருப்பிக் கேட்டுத் தலையிழந்தவன்.
மூன்றாமவனின் சிலைக்கு மூக்கில்லை.
உள்நாட்டுப் போரில் சிப்பாய்கள் உடைத்தது என்போம்;
உண்மையில், வெள்ளையடிக்க வந்தவனின் ஏணி சாய்ந்தது.
நான்காமவனுக்குத் தொட்டதெல்லாம் சர்க்கரை.
அவனுக்கு அட்டையில் இரண்டே வரி.

ஆறாமவனோடு வம்சம் அற்றது.
பெயர்தான் சாகவில்லை:
முச்சந்தி மதுக்கடைக்கு அதுதான் பெயர்,
புளிப்பான ஓர் ஆப்பிள் ரகத்துக்கும்,
லீட்ஸில் ஒரு முட்டுச்சந்துக்கும்,
முதல் தடையிலேயே விழுந்த பந்தயக் குதிரைக்கும்.
இந்த இடத்தில் எல்லோரும் சிரிப்பார்கள்.

போன வாரம் ஒருவர் சிரிக்கவில்லை.
பிரிஸ்டலில் பஸ் ஓட்டுகிறவர்,
பார்பேடோஸ் பூர்வீகம்.
வருகைப் பதிவேட்டில் நிதானமாக எழுதினார்:
ஆல்வின் வென்ஸ்கோம்.

"உறவா?"
கேட்டபின் நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

"உறவில்லை. ரசீது.
அறுபத்துமூன்று பேரை வாங்கினான்,
ஆளுக்கொன்று எழுதிக் கொடுத்தான்.
நாங்கள் இன்னும் பத்திரமாக வைத்திருக்கிறோம்."

நான்காமவன் முன் நெடுநேரம் நின்றார்.
பிறகு ஈரக் குடையைச் சுருட்டி
அந்தப் பளிங்கு மார்பில் சாய்த்துவிட்டு
கண்ணாடியைத் துடைக்கத் தொடங்கினார்.

சிலைகளைத் தொடக் கூடாதென்பது விதி.
நான் சன்னல் பக்கம் திரும்பி
யாரும் பறிக்காத ஆப்பிள்களை
எண்ணிக்கொண்டிருந்தேன்,
பின்னால்
சொட்டுச் சொட்டாக
கல்லில் விழுந்துகொண்டிருந்தது மழை.