இரவல் குரல்

ஒவிலா லாஃப்ரனியேர்
பதினான்கு படங்களில் செத்தவர்.
கணக்கு என்னுடையது. மொன்றியாலில்
ஒலிப்பதிவுக் கூடத்தில் நாடா மாற்றுகிறவள் நான்,
ஒவ்வொரு சாவையும்
முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்தவள்.

ஷாவினிகன் அவருக்கு ஊர். ஆற்றில் மரம் வரும்,
காகிதமாகி ரயிலில் போகும்.
ஆலையின் வெந்த முட்டைக்கோஸ் நாற்றம்
அவர் கோட்டை விட்டுப் போக
மூன்று குளிர்காலம் ஆனதாம்.
லாஸ் ஏஞ்சலஸில் இரண்டு வருடம்
மணிக்கு ஆறு டாலர் கொடுத்து
நாக்கிலிருந்து பிரெஞ்சைச் சுரண்டி எடுத்தார்.
சுத்தமாகிவிட்டது என்று போய் நின்றால்
"பிரெஞ்சுக்காரன் மாதிரி பேசு" என்றார்கள்.
எந்தப் பிரெஞ்சுக்காரன்?
பாரிஸை அவர் தபால்தலையில்தான் பார்த்திருந்தார்.

பேசினார். சம்பளம் வந்தது.
தோல் வியாபாரியாக ஓநாயிடம்,
சமையல்காரனாகக் கப்பலோடு,
கள்ளநோட்டு அடிப்பவனாக மாடியிலிருந்து,
ஒருமுறை வசனத்துக்கு முன்பே, கதவைத் திறந்ததும்.
நாயகனுக்குக் கோபம் வரவேண்டிய இடத்தில்
இவர் விழவேண்டும்.

அந்தப் படங்கள் ஊருக்கு வந்தபோது
பாரிஸில் எவனோ அவருக்குக் குரல் கொடுத்திருந்தான்,
இழைத்த பலகை மாதிரி ஒரு குரல்.
மகன் வாயைத் திறந்ததும்
முன்வரிசையில் அம்மா எர்னெஸ்தின் எழுந்துவிட்டாளாம்:
"என் பிள்ளை வாய்க்குள் எவன் உட்கார்ந்திருக்கிறான்?"
டிக்கெட் காசைத் திரும்பக் கேட்டாளாம்.
கொடுத்தார்களாம்.

பிறகு அவரே பாரிஸ் போனார்,
சொந்த மொழியில் நடிக்க.
நடித்தார். திரையின் அடியில்
பிரெஞ்சுக்குப் பிரெஞ்சிலேயே எழுத்து ஓடியது.

இதை அவர் சொன்னபோது சிரித்துவிட்டேன்.
அவரும் சிரித்தார், ஒரு நொடி தாமதமாக,
உதடு பொருந்தாத படம் போல.

இங்கே தொலைக்காட்சியில் ஒன்பது வருடம் பாதிரியார்.
காய்கறிக் கடையில் பெண்கள்
கோசுக் குவியலுக்குப் பின்னால் இழுத்துப்போய்
பாவமன்னிப்புக் கேட்டார்கள்.
"கொடுத்தீர்களா?"
"பின்னே? வரிசை நீண்டுகொண்டே போயிற்றே."

என்னிடம் வந்தது கடைசியில்,
பொம்மைப் படத்துக் கடல் சிங்கம் ஒன்றுக்காக.
மூச்சு மட்டும் போதும் என்றேன், நாற்பது நொடி.
விட்டார்.
இது எந்த ஊர் உச்சரிப்பு என்று கேட்டேன்.
"சிகரெட்" என்றார்.

போன பிப்ரவரியில் ஒரு மாணவன் எடுத்த படம்.
வசனம் கிடையாது.
கிழவன் ஒருவன் வாசலில் பனி அள்ளுகிறான்,
இரண்டு நிமிடம்.
'கட்' சொல்லி
கேமராவை மடித்து வேனில் ஏற்றிய பிறகும்
அவர் நிறுத்தவில்லை. கதவு நிஜமாகவே
பாதி வரை புதைந்திருந்தது.
வீட்டுக்காரி வெளியே வந்தாள்.
அவளுக்கு அவரைத் தெரியவில்லை.
ஐந்து டாலர் கொடுத்து
"அந்த ஓரத்திலும் கொஞ்சம்" என்றாள்.

வருமானவரிப் படிவத்தை நிரப்பித் தருவதும் நான்தான்.
அந்த ஐந்தை
நடிப்பு என்ற கட்டத்தில் போடச் சொன்னார்.
நான் போடவில்லை.
தபாலில் சேர்க்கும்முன் பிரித்துப் பார்த்தேன்:
பென்சிலால், அவர் கையெழுத்தில்,
ஐந்து.